குறும்புக்காரி கேட்ட நியாயம்

வேடிக்கைப் படத்திற்கு விமரிசனம் எதற்கு என்று கேட்கும் அன்பர்கள் உண்டு. அதிலும் காதற் களியாட்டத்தைப் பொருளாகக் கொண்ட படமென்றால், பார்த்தவர் பார்த்ததோடு நிற்பதே நாகரிகம் என்பது அவர்கள் கொள்கை. அக் கொள்கை நமக்கு உடன்பாடன்று. ஒரு சமுதாயம் எதைப்பற்றி வாய் திறந்து பேச அஞ்சுகிறதோ, அதைப்பற்றியே அது மறைவில் அதிகமாகச் சிரிக்கிறது. ஆகவே, சிரிப்பின் காரணத்தை ஆராய்வது சிரிப்பைக் கெடுப்பதாகாது. சிரித்தவர் தம்மைத் தாமே அறிந்துகொள்வதற்கு வழியாகும். இக் கருத்துடனேயே இத்தாலிய நாட்டுப் படமொன்றைப்பற்றி ஈண்டு எழுதத் துணிந்தோம்.

படத்தின் பெயர் 'மொனெல்லா'. இத்தாலிய மொழியில் அச் சொல்லுக்குக் குறும்புக்காரி என்பது பொருள். 1998-ம் ஆண்டில் வெளிவந்த இதனை இயக்கியவர் டின்டோ பிராஸ். 1933-ம் ஆண்டில் மிலான் நகரில் பிறந்த இவருடைய இயற்பெயர் ஜொவான்னி. ஓவியரான பாட்டனார் இத்தாலிக்கோ பிராஸ், பழைய வெனிஸ் நகரத்து ஓவிய மேதை டின்டொரெட்டோவை நினைத்துச் செல்லமாக அழைத்த பெயரே பின்னர் நிலைத்துவிட்டது. இளமையில் பாரிஸ் மாநகரத்துத் திரைப்படக் காப்பகத்தில் பணிபுரிந்தவர். ரொஸ்ஸெல்லினிக்கு உதவியாளராக இருந்தவர். 1963-ல் வெளியான தமது முதற் படத்திலேயே தணிக்கையாளரோடு மோதியவர். பிற்காலத்தில் சிற்றின்பப் படங்களுக்கென்றே பேர்பெற்று, அதனால் புகழையும் இகழையும் ஒருங்கே அடைந்தவர்.

கதை நிகழுங் காலம் 1950-க்குப் பிந்திய சில ஆண்டுகள். இடம், வட இத்தாலியில் போ நதி பாயும் சமவெளியிலுள்ள ஒரு சிற்றூர். லோலா என்னும் இளம்பெண்ணுக்கும், ரொட்டிச் சூளையில் வேலைசெய்யும் மசெட்டோ என்னும் வாலிபனுக்கும் மணம் நிச்சயமாகியிருக்கிறது. இருவருக்கும் ஒருவர்மேல் ஒருவருக்கு ஆசை உண்டு, அதில் ஐயமில்லை. ஆனால், மணநாள்வரை மணப்பெண் கன்னியாகவே இருத்தல் வேண்டும் என்பது மாப்பிள்ளையின் பிடிவாதம். காத்திருக்க முடியாது என்பது மணப்பெண்ணின் பிடிவாதம். வாழ்நாள் முழுவதும் உடன் வாழப்போகிறவனை, அறிந்து ஏற்பதா, அறியாமல் ஏற்பதா என்பதே அவள் கேள்வி. அவள் தாய் ஸைராவும், தாயோடு வாழ்க்கை நடத்தும் ஆந்த்ரே என்பவனும் இன்ப நுகர்ச்சியை ஒளித்து வைக்காதவர்கள். அத்தகைய வீட்டில் வளர்ந்த பெண், ஊரார் கண்ணுக்கு அஞ்சும் மாப்பிள்ளையை ஆட்டிவைக்கும் வேடிக்கையே படம் முழுதும் நிறைந்திருக்கிறது. கெஞ்சுகிறாள், சீண்டுகிறாள், பிறரோடு சிரித்துப் பேசிப் பொறாமையைக் கிளப்புகிறாள். முடிவில் அவள் எண்ணமும் நிறைவேறுகிறது, மணமும் நடைபெறுகிறது.

லோலாவாக ஆன்னா அம்மிராட்டியும், மசெட்டோவாக மாக்ஸ் பரோடியும், ஸைராவாக செரேனா கிராண்டியும், ஆந்த்ரேயாகப் பாட்ரிக் மவரும் நடித்துள்ளனர். பீனோ டோனாஜியோவின் சங்கீதம் படத்தைத் துள்ளலோடு நடத்திச் செல்கிறது. தொடக்கத்திலேயே அப்பெண் சைக்கிளில் ஊரைச் சுற்றி வருகிறாள். காற்று அவள் பாவாடையோடு விளையாடுகிறது. அவளோ அதைப்பற்றிக் கவலைகொள்ளாமல் மிதித்துக்கொண்டே போகிறாள். அவளுடைய இயல்பு இன்னது என்று சொல்வதற்கு அதைவிட எளிய வழி வேறில்லை.

முதலில் இப்படத்தின் நன்மைகளைச் சொல்லிவிடுவோம். மேனாட்டுக் காதல் நாடகங்களில், நம் நாட்டவற்றிற்போலவே, கேட்பவன் ஆண், மறுப்பவள் பெண் என்பது பழைய ஏற்பாடு. ஆடவன் கெஞ்ச, பெண் நாணித் தலைகுனிவாள். அவள் மறுக்கும் அளவிற்கு அவள் மதிப்பு உயரும். டின்டோ பிராஸ் இந்த ஏற்பாட்டைத் தலைகீழாகப் புரட்டிவிட்டார். இங்கே நாணுபவன் ஆண், கேட்பவள் பெண். மூத்தோர் சொல்லையும் ஊரார் பேச்சையும் காட்டிப் பின்வாங்குபவன் மாப்பிள்ளை. எவ்வளவு புரட்டினாலும் ஒரு நியாயம் நியாயமாகவே நிற்குமானால் அதைக் கண்டு நமக்குச் சிரிப்பு வராது. இங்கே சிரிப்பு வருகிறது. ஏன் வருகிறது? பெண் வாயில் கேட்டபோது ஒழுக்கமாகத் தோன்றிய சொற்கள், ஆண் வாயில் கேட்கும்போது வெறும் அச்சமாகத் தோன்றுகின்றன. அச் சொற்களுக்குள் ஒழுக்கம் எவ்வளவு, ஊருக்கு அஞ்சும் அச்சம் எவ்வளவு என்பதை நகைச்சுவை ஒரே நொடியில் நிறுத்துக் காட்டிவிடுகிறது.

மாப்பிள்ளையின் பெயரும் கருதத்தக்கது. 1787-ல் மோட்ஸார்ட் இயற்றிய 'டான் ஜொவான்னி' என்னும் இசை நாடகத்தில், தன் மணப்பெண்ணைப் பிரபு ஒருவன் கவர்ந்து விடுவானோ என்று நடுங்கும் கிராமத்து மாப்பிள்ளைக்கும் மசெட்டோ என்பதே பெயர். இருநூறு ஆண்டுகளாக ஐரோப்பிய மேடையில் அந்தப் பெயர், பெண்ணை ஒரு சொத்தாக எண்ணிக் காவல் காக்கும் எளிய மனிதனை நினைவூட்டி வருகிறது. இந்த மசெட்டோவும் கெட்டவனல்லன், அன்புள்ளவன், உழைப்பாளி. அவனைக் கொடியவனாக்காமல் வெகுளியாகவே வைத்ததும் படத்தின் நற்குணம். வழக்கங்கள் கொடியவர்களால் மட்டும் காப்பாற்றப்படுவதில்லை. நல்லவர்கள் யோசியாமல் ஒப்புக்கொள்வதாலும் அவை நீடித்து வாழ்கின்றன.

மற்றுமோர் சிறப்பு உண்டு. ஆசையை வெளியிட்ட பெண்ணை இப்படம் தண்டிக்கவில்லை. அவள் சாகவில்லை, பைத்தியமாகவில்லை, கன்னிமடம் புகவில்லை, கடைசிக் காட்சியில் கண்ணீர் விட்டு மன்னிப்புக் கேட்கவுமில்லை. அவளைத் தண்டியாமல் விட்டதே துணிவு என்று சொல்லத்தக்க நிலையில் உலகத்துப் படங்கள் பல இருக்கின்றன என்பதை எண்ணினால், டின்டோ பிராஸுக்கு ஒரு நன்றி சொல்லத்தான் வேண்டும்.

இவ்வளவும் நன்று. ஆனால், நம் மனத்தில் எழும் கேள்வி ஒன்றுண்டு. லோலா கேட்டது நியாயம். அந்த நியாயத்தைக் கேட்பதற்கு அவள் காலத்து இத்தாலியில் ஒரு பெண் கொடுக்க வேண்டியிருந்த விலை என்ன? அதைப் படம் எங்கேனும் காட்டுகிறதா?

அவ்விலையைக் கணக்கிட்டுப் பார்ப்போம். இத்தாலியப் பெண்மக்கள் வாக்குரிமையை முதன்முதல் பயன்படுத்தியது 1946-ம் ஆண்டில். அவ்வாண்டு அரசியல் நிர்ணய சபைக்கு 21 பெண்கள் தேர்ந்தெடுக்கப்பட்டனர். ஆண் பெண் என்ற வேற்றுமையின்றி எல்லோரும் சட்டத்தின்முன் சமம் என்று புதிய அரசியல் சட்டம் கூறிற்று. எனினும், குற்றத்திற்குத் தண்டனை விதித்தது 1930-ம் ஆண்டில் முசோலினியின் ஆட்சியில் எழுதப்பட்ட சட்டமே. அச் சட்டத்தின் 559-ம் பிரிவின்படி, மணமான பெண் பிற ஆடவனோடு கூடினால் ஓராண்டுவரை சிறை. கணவனோ, வைப்பாட்டியைத் தன் வீட்டிலேயே வைத்திருந்தால், அல்லது ஊரறிய வேறிடத்தில் வைத்திருந்தால் மாத்திரமே குற்றவாளி. 587-ம் பிரிவின்படி, மனைவியையோ மகளையோ சகோதரியையோ கள்ள உறவிற் கண்டு, மானம் போயிற்றென்ற சினத்தாற் கொன்றவனுக்கு 3 ஆண்டு முதல் 7 ஆண்டு வரையே தண்டனை. 544-ம் பிரிவின்படி, ஒரு பெண்ணைப் பலவந்தம் செய்தவன் அவளையே மணந்துகொண்டால் குற்றம் மறைந்துபோகும். முள் சேலைமேல் விழுந்தாலும் சேலை முள்மேல் விழுந்தாலும் கிழிவது சேலையே என்பது நம் பழமொழி. அது நொந்தவர் சொன்ன சொல். இத்தாலியிலோ அதையே அச்சிட்டு, எண்கள் இட்டு, நீதிமன்றத்தில் வைத்திருந்தனர்.

இது ஏட்டளவில் நின்ற சட்டம் என்று எவரும் எண்ணவேண்டாம். லோலாவின் கதை நடக்கும் அதே காலத்தில், அதே வட இத்தாலியில், இச் சட்டம் நாட்டின் பெரும் வீரன் ஒருவனையே நீதிமன்றத்தில் நிறுத்தியது. சைக்கிள் பந்தய வீரர் பௌஸ்டோ கொப்பி, இத்தாலியச் சுற்றுப் பந்தயத்தை 5 முறையும், பிரெஞ்சுச் சுற்றுப் பந்தயத்தை 1949-லும் 1952-லுமாக 2 முறையும் வென்றவர். அவர், மருத்துவர் ஒருவரின் மனைவியான ஜூலியா ஒக்கினி என்பாரை நேசித்து அவரோடு வாழத் தொடங்கினார். கணவர் புகார் செய்தார். 1954-ல் அவ்வம்மையார் கைதாகிச் சிறை புகுந்தார். 1955-ல் இருவர்மீதும் வழக்கு நடந்து, இருவரும் குற்றவாளிகளென்று தீர்ப்பாயிற்று, தண்டனை நிறுத்திவைக்கப்பட்டது. அவர்களுக்குப் பிறந்த ஆண்குழந்தை தந்தையின் பெயரைத் தாங்கவேண்டுமானால் இத்தாலியிற் பிறத்தல் கூடாது என்று, தாயார் கடல் கடந்து அர்ஜென்டீனா தேசத்திற்குச் சென்று பிரசவித்தார். வீரனுக்கு மலர்மாலை இட்ட அதே ஊர், அவன் நேசித்த பெண்ணுக்கு இட்டது சிறைக் கதவு.

மற்றொன்றும் சொல்லவேண்டும். அக் காலத்தில் ஆடவர் சென்று வருவதற்கென்று அரசாங்க அனுமதி பெற்ற விலைமாதர் இல்லங்கள் ஊர்தோறும் இருந்தன. மணப்பெண்ணிடம் கன்னித்தன்மை கேட்கும் சமுதாயம், மணமகனுக்கு வேறு ஏற்பாடு செய்துகொடுத்திருந்தது. இவ் வஞ்சகத்தை ஒழிக்க எழுந்தவர் லீனா மெர்லின் என்னும் சோஷலிஸ்ட் பெண்மணி. போ சமவெளியை அடுத்த பதுவா நாட்டுப்புறத்திற் பிறந்தவர். 1948-ல் அவர் கொண்டுவந்த மசோதா சட்டமாக நிறைவேற 10 ஆண்டுகள் பிடித்தன. 1958-ல்தான் அவ் வில்லங்கள் மூடப்பட்டன. பத்தாண்டுகளில் அவ்வம்மையார் கேட்ட கேலிக்கும் வசைக்கும் கணக்கில்லை. லோலா தன் சிற்றூரில் மாப்பிள்ளையிடம் சிரித்துக்கொண்டே கேட்ட நியாயத்தை, அதே ஆண்டுகளில் லீனா மெர்லின் பாராளுமன்றத்தில் சிரிப்பில்லாமற் கேட்டுக்கொண்டிருந்தார் என்று நாம் சொன்னால் மிகையாகாது.

இனி, இத்தாலியப் படங்களே இந்த விலையை எவ்வாறு காட்டின என்பதை நோக்குவோம். 1949-ல் ஜூசெப்பே டி சாண்டிஸ் எடுத்த 'கசப்பு அரிசி' என்னும் படம் இதே போ சமவெளியின் நெல்வயல்களில் நிகழ்வது. களை பறிக்க வந்த பெண்களுள் ஒருத்தி சில்வானா. சில்வானா மங்கானோ அப்பாத்திரத்தில் நடித்தார். நடனம், அழகு, நகை, பட்டணத்து வாழ்வு ஆகிய எல்லாவற்றிலும் ஆசையுள்ள பெண். அவள் ஆசைப்பட்ட குற்றத்திற்கு ஈடாகக் கொடுத்தது உயிர். உயரத்திலிருந்து குதித்து மாண்ட அவள் உடல்மீது, உடன் உழைத்த பெண்கள் ஆளுக்கொரு பிடி அரிசியைத் தூவிச் செல்லும் காட்சியை ஒருமுறை கண்டவர் மறப்பதரிது.

1964-ல் பியெத்ரோ ஜெர்மி எடுத்த படம் 'கெடுத்துக் கைவிடப்பட்டவள்' என்ற பொருளுள்ள பெயருடையது. தெற்கே சிசிலித் தீவில் நிகழும் இதுவும் நகைச்சுவைப் படமே. இதுவும் கன்னித்தன்மையைப் பற்றியதே. அக்னேசே என்ற இளம்பெண்ணை, அவள் தமக்கைக்கு நிச்சயிக்கப்பட்ட மாப்பிள்ளை பெப்பினோ மயக்கிக் கெடுக்கிறான். பிறகு அவளை மணக்கும்படி கேட்டபோது, கன்னியல்லாதவளை மணக்கமாட்டேன் என்கிறான். கெடுத்தவன் தானே அல்லவா என்றால், கேட்பது ஆணின் உரிமை, மறுத்திருக்க வேண்டியது அவள் கடமை என்பது அவன் வாதம். மானத்தைக் காப்பதற்காகத் தந்தை செய்யும் கூத்துக்கள் அளவற்றவை. மகனைக் கொலைக்கு ஏவுகிறார். பொய்யாகப் பெண்கடத்தல் நாடகம் ஒன்றை ஆட ஏற்பாடு செய்கிறார். அவன் எனக்கு வேண்டாம் என்று பெண் கதறுகிறாள். அதைக் கேட்பார் எவருமில்லை. கடைசியில் தந்தை மாண்டுபோகிறார். அச் செய்தியையும் மறைத்தே திருமணத்தை முடிக்கின்றனர். அவர் கல்லறையில் பொறிக்கப்படுவன மானமும் குடும்பமும். தந்தையாக நடித்த ஸாரோ உர்ஸி, 1964-ம் ஆண்டுக் கான் விழாவில் சிறந்த நடிகருக்கான பரிசு பெற்றார். படம் பார்க்கும்போது வயிறு வலிக்கச் சிரிக்கிறோம். முடிந்து எழும்போது அந்தச் சிரிப்புக்காக நாமே வெட்கப்படுகிறோம்.

ஜெர்மியின் படம் கற்பனையா என்று கேட்டோருக்கு மறு ஆண்டே விடை கிடைத்தது. 1965-ம் ஆண்டு டிசம்பரில், சிசிலியில் அல்காமோ என்ற ஊரில், 17 வயதுப் பெண்ணாகிய பிராங்கா வியோலாவை ஒருவன் ஆள் சேர்த்துக் கடத்திச் சென்று பலவந்தம் செய்தான். வழக்கப்படி அவனையே மணந்து குற்றத்தை மறைத்துவிட ஊர் எதிர்பார்த்தது. அப்பெண் மறுத்துவிட்டார். தந்தையாரும் மகள் பக்கமே நின்றார். 1966-ல் வழக்கு நடந்து, கடத்தியவன் சிறை சென்றான். 1968-ல் பிராங்கா வியோலா தாம் விரும்பியவரையே மணந்தார். நாட்டின் ஜனாதிபதி பரிசு அனுப்பினார். திரையில் அக்னேசே சொல்லியும் பலிக்காத 'வேண்டாம்' என்ற சொல், நீதிமன்றத்தில் ஒரு விவசாயியின் மகள் வாயிலே பலித்தது.

அப்பாற் சட்டங்கள் மெல்ல மெல்ல அசைந்தன. மனைவியை மட்டும் தண்டித்த பிரிவை 1968-லும் 1969-லும் அரசியல் சட்ட நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. 1970-ல் விவாகரத்து உரிமை வந்தது. அதை ஒழிக்க வேண்டுமென்று 1974-ல் எடுத்த பொது வாக்கெடுப்பில் மக்கள் அதைக் காப்பாற்றினர். கணவனே குடும்பத் தலைவன் என்ற விதி 1975-ல் நீங்கியது. மானக்கொலைச் சலுகையும், கெடுத்தவனே மணக்கும் சலுகையும் 1981 வரை உயிரோடிருந்து அவ்வாண்டில்தான் மாண்டன. எல்லாவற்றினும் முக்கியமானது ஒன்று. பெண்ணைப் பலவந்தம் செய்வதை இத்தாலியச் சட்டம் 1996 வரை பொது ஒழுக்கத்திற்கு எதிரான குற்றம் என்ற தலைப்பிலேயே வைத்திருந்தது. அவ்வாண்டில்தான் அதை ஒரு மனித உயிருக்கு எதிரான குற்றம் என்று மாற்றி எழுதினர். அதாவது, பெண்ணின் உடல் ஊராரின் ஒழுக்கத்திற்கு உரியதன்று, அவளுக்கே உரியது என்பதைச் சட்டம் ஒப்புக்கொண்டது 1996-ல். 'மொனெல்லா' வந்தது 1998-ல். இடையே இரண்டே ஆண்டுகள்!

இவ்விரண்டு ஆண்டுகளை நினைத்துக்கொண்டு படத்தைத் திரும்பிப் பார்த்தால், அதன் குறை இன்னதென்று விளங்கும். லோலாவின் சிற்றூரில் சட்டம் இல்லை; சிறை இல்லை; பாவமன்னிப்புக் கூண்டின் அச்சம் இல்லை; கருவுற்றால் என்ன ஆகும் என்ற கவலை இல்லை; மாப்பிள்ளை கைவிட்டால் கதி என்ன என்ற கேள்வி இல்லை. கோதுமை மாவும் வெயிலும் இசையும் சைக்கிளும் இருக்கின்றன. அவள் தாண்ட வேண்டிய சுவர் மசெட்டோவின் வெட்கம் ஒன்றே. ஐம்பது ஆண்டுகளாகப் பலர் இரத்தமும் கண்ணீரும் சிந்திப் பெற்ற விடுதலையை, எடுத்தவுடன் கையிலே வைத்துக்கொண்டு ஒருத்தி துள்ளி விளையாடுகிறாள். விளையாடட்டும், விடுதலையின் பயனே விளையாட்டுத்தான். ஆனால், அவளைப் பழைய காலத்தில் கொண்டுபோய் வைத்து, அக் காலம் இத்தகையதுதான் என்று காட்டும்போது, விலை கொடுத்தவர்களின் கணக்கு அழிக்கப்படுகிறது. பழைய காலம் இவ்வளவு இனிமையாக இருந்திருந்தால், லீனா மெர்லின் எதற்காகப் பத்தாண்டு போராடினார்? பிராங்கா வியோலா எதற்காக நீதிமன்றப் படியேறினார்?

நகைச்சுவைப் படத்தை நீதிமன்றமாக்கலாமா என்று சில அன்பர்கள் நம்மை மறுத்துக் கேட்கக்கூடும். ஆக்கவேண்டாம். ஜெர்மியின் படம் அதற்குச் சான்று. அங்கே ஒரு பிரசங்கமும் இல்லை. ஆயினும், ஒவ்வொரு சிரிப்பின் அடியிலும் உண்மையான ஆபத்து ஒன்று படுத்திருக்கிறது. கயிற்றின்மேல் நடப்பவன் தடுமாறினால் நமக்கு மூச்சு நின்று பிறகு சிரிப்பு வருகிறது. அதே கயிற்றைத் தரையிலே போட்டு அதன்மேல் நடந்தால் வரும் சிரிப்பு வேறு. டின்டோ பிராஸ் கயிற்றைத் தரையிலே போட்டுவிட்டார்.

மற்றொரு குறையும் உண்டு. அதைச் சற்றுக் கூச்சத்தோடேனும் சொல்லியாகவேண்டும். கதை, பெண்ணின் விருப்பத்தைத் தலைமையில் வைக்கிறது. காமிராவோ, அவள் விருப்பத்தைப் பார்ப்பதைவிட அவள் உடலைப் பார்ப்பதிலேயே அதிகக் கருத்துக்கொண்டு, அவள் பின்னாலேயே அலைகிறது. ஓவியர் குடும்பத்தில் வந்தவர் உருவத்தின் அழகை நேசிப்பதில் தவறில்லை. காமம் இழிவென்றும் உடல் அசுத்தமென்றும் நாம் கருதுவோமல்லோம். அவ்வாறு கருதும் வைதீக மனமே கன்னித்தன்மைக்கு விலையிட்டது. ஆனால், பார்வையிலும் நியாயம் என்று ஒன்று உண்டு. லோலா மசெட்டோவைப் பார்க்கிறாளே, அவள் கண்ணுக்கு அவன் எப்படித் தோன்றுகிறான்? மாவு படிந்த அவன் கைகளில் அவள் எதைக் கண்டு மயங்கினாள்? ஆசைப்படுபவள் அவள், ஆகவே பார்ப்பவளும் அவளாயிருத்தல் வேண்டும். படமோ, பார்க்கும் உரிமையை அவளிடமிருந்து வாங்கி, கொட்டகை இருட்டில் உட்கார்ந்திருக்கும் ஆடவனிடம் கொடுத்துவிட்டது. மாப்பிள்ளையின் காவலிலிருந்து விடுபட்ட பெண், பார்வையாளரின் கண்ணுக்குள் மறுபடியும் சிறைப்படுகிறாள். வாயால் கொடுத்ததைக் கண்ணால் பறித்துக்கொள்ளும் இவ் வழக்கம் சினிமா உலகெங்கும் பரவியுள்ளது. டின்டோ பிராஸ் அதை ஒளிக்காமற் செய்கிறார் என்பது மட்டுமே வேற்றுமை.

'கசப்பு அரிசி'யிலும் காமிரா சில்வானாவின் அழகில் நின்று மயங்குவதுண்டு. அதை அக்காலத்திலேயே கண்டித்தவர்களும் உண்டு. எனினும் அப்படம், சேற்று நீரில் வளைந்த முதுகுகளையும், ஒப்பந்தச் சீட்டுக்காக ஏங்கிய முகங்களையும் சேர்த்தே காட்டிற்று. அழகும் உழைப்பும் ஒரே உடலில் இருந்தன. அதனால் அவள் நமக்கு ஒரு பெண்ணாகத் தோன்றினாள்.

ரொட்டியைக்கொண்டு மற்றொரு படத்தோடு ஒப்பிட்டால் இது இன்னும் தெளிவாகும். லோலாவின் காலத்திலேயே, 1953-ல், லூயிஜி கொமென்சினி எடுத்த கிராமத்து வேடிக்கைப் படம் ஒன்றுண்டு: 'ரொட்டியும் காதலும் கற்பனையும்'. முதியவராகியும் ஆசை விடாத போலீஸ் அதிகாரியாக விட்டோரியோ டி சிகாவும், கந்தை உடுத்தும் தலைகுனியாத ஏழைப் பெண்ணாக ஜீனா லொல்லொபிரிஜிதாவும் நடித்தனர். வெறும் ரொட்டியைத் தின்னும் ஏழை ஒருவனிடம், உள்ளே என்ன வைத்திருக்கிறாய் என்று அதிகாரி கேட்கிறார். கற்பனையை வைத்திருக்கிறேன் என்ற கருத்தில் அவன் விடை பகர்கிறான். படத்தின் பெயரே அவ் விடையிலிருந்து பிறந்தது. தணிக்கையும் திருச்சபையும் கண்கொத்திப் பாம்பாகக் காத்த அந்நாளில், கொமென்சினி உடலைக் காட்டவில்லை. ஆனால் பசியைக் காட்டினார். பசிக்கும் ஊரில் ஒரு பெண் தன் மனத்துக்கு இசைந்தவனையே தேர்ந்துகொள்வேன் என்று நிற்பது எவ்வளவு பெரிய காரியம் என்பது அதனால் நமக்கு விளங்கிற்று. 1998-ன் ரொட்டிக் கடையிலோ மாவுக்கும் குறைவில்லை, நெருப்புக்கும் குறைவில்லை. பசி மாத்திரம் இல்லை. பசியில்லாதவன் சுட்ட ரொட்டி பார்வைக்கு அழகாயிருக்கும், நினைவில் நில்லாது.

இவ்வளவு குறை கூறுவதால், இத்தகைய படங்களைத் தடைசெய்ய வேண்டுமென்று கூச்சலிடும் கூட்டத்தோடு நம்மைச் சேர்த்துவிட வேண்டாம். இத்தாலியத் தணிக்கையின் வரலாறு நமக்குத் தெரியும். பெண்ணைக் கெடுத்தவனுக்கு மணமாலை கொடுத்த அதே ஆட்சிதான், திரையில் பெண்ணின் முழங்கால் தெரிந்தால் ஒழுக்கம் கெட்டதென்று கத்தரியை எடுத்தது. படங்களை வெட்டவும் தடுக்கவும் அரசாங்கத்திற்கு இருந்த அதிகாரத்தை 2021-ல் இத்தாலி முடிவாக நீக்கிவிட்டது. அது நன்றே. ஆனால், அரசாங்கத்தின் கத்தரி ஒழிந்த இடத்தில் பார்வையாளரின் அறிவு வந்து அமர்தல் வேண்டும். எதைப் பார்க்கலாம் என்று பிறர் நமக்குச் சொல்லவேண்டாம். பார்த்ததை எப்படி மதிப்பது என்பதை நாமே கற்றுக்கொள்வோம்.

முடிவாக நம் தீர்ப்பு இது. 'மொனெல்லா' கெட்ட படமன்று. கெட்ட எண்ணமும் அதற்கில்லை. கன்னித்தன்மை என்ற பெயரால் பெண்ணிடம் மட்டும் கேட்கப்படும் சான்றிதழை அது கேலி செய்து கிழிக்கிறது. அந்த மட்டில் அது நம் பக்கத்துப் படம். அதன் கதாநாயகி கேட்ட நியாயம் பெரிது. அந்த நியாயத்தைத் தாங்குவதற்குப் படத்தின் தோள் போதவில்லை. அவளுக்கு ஆசையைக் கொடுத்த ஆசிரியர், ஆபத்தையும் கொடுத்து, ஆபத்தை வெல்லும் அறிவையும் கொடுத்து, பார்க்கும் கண்ணையும் கொடுத்திருந்தால், சில்வானாவுக்கும் அக்னேசேக்கும் தங்கையாக அவள் வரலாற்றில் இடம்பெற்றிருப்பாள்.

ஆகவே இப்படத்தைக் காண விரும்பும் அன்பர்களுக்கு நாம் சொல்வது இதுவே: தனியே காணவேண்டாம். முதல் நாள் 'கசப்பு அரிசி'யைப் பாருங்கள். மறுநாள் ஜெர்மியின் படத்தைப் பாருங்கள். மூன்றாம் நாள் லோலாவின் சைக்கிளைப் பாருங்கள். ஒருத்தி உயிரைக் கொடுத்தாள்; ஒருத்தி வாழ்வைக் கொடுத்தாள்; மூன்றாமவள் ஒன்றுங் கொடாமல் காற்றில் மிதந்து போகிறாள். அவள் செல்லும் சாலையை இட்டவர் யாவர் என்பது அப்போது உங்களுக்கே விளங்கும். அது விளங்கியபின் நீங்கள் தாராளமாகச் சிரிக்கலாம்; நாமும் உடன் சிரிப்போம்.